எழினியும் எங்கள் வீட்டு யன்னலும்

வீட்டு யன்னல்களுக்கு வேண்டிய திரைச்சீலைகளை வீட்டிலேயே தைத்துக்கொள்வது பற்றி ஒரு கட்டுரை எழுதப்போகிறேன் என்று நண்பர் ஒருவரிடம் கூறினேன். அவர் தமிழ் படிப்பிப்பவர். பழைய நூல்களில் ஊறியவர். "மாஸ்ரர், இலக்கியப் பக்கத்திலை அளவுநாடாவுக்கு என்ன வேலை?" என்று நகைத்தார். நானும் நகைத்தேன். பின்னர், அரங்கேற்று காதையில் இளங்கோவடிகள் என்ன செய்கிறார் என்று அவரையே கேட்டேன்.

மாதவி ஆடப்போகும் அரங்கைப் பாடவந்த அடிகள் அளவுகோலைக் கையில் எடுத்துக்கொண்டுதான் தொடங்குகிறார். கணுவுக்குக் கணு ஒரு சாண் வளர்ந்த மூங்கிலைத் தேர்ந்து, அதில் இருபத்துநான்கு பெருவிரல் அளவு கொண்ட கோல் ஒன்றை நறுக்கி, அக்கோலால் ஏழு கோல் அகலம், எட்டுக் கோல் நீளம், ஒரு கோல் உயரம் என்று அரங்கை அளந்து தருகிறார். அவ்வளவோடு நின்றாரா? திரைக்கும் வருகிறார். ஒருமுக எழினி, பொருமுக எழினி, கரந்துவரல் எழினி என்று மூன்று வகைத் திரைகளைப் பெயர் சொல்லி எண்ணுகிறார். ஒரு பக்கத்திலிருந்து இழுபடுவது முதலாவது. இரு பக்கத்திலிருந்தும் வந்து நடுவிலே பொருந்துவது இரண்டாவது. மேலே மறைந்திருந்து கீழே இறங்குவது மூன்றாவது. இன்று திரைச்சீலை விற்கும் கடை எதற்குள்ளே நுழைந்தாலும் இம்மூன்று வகையைத்தான் காட்டுவார்கள். பெயர்கள் மாத்திரம் ஆங்கிலத்தில் இருக்கும்.

நண்பர் அதன்பின் நகைக்கவில்லை. மாறாக, முல்லைப்பாட்டையும் சேர்த்துக்கொள்ளுங்கள் என்றார். பாசறையில் அரசன் துயிலும் இடத்தை வலிய கயிற்றிலே திரை கட்டி இரண்டு அறைகளாக்கிய செய்தி அங்கே வருகிறது. கல்லுமில்லை, மரமுமில்லை, ஒரு கயிறும் ஒரு சீலையும் சேர்ந்து சுவராகிவிடுகின்றன. இச்செய்தியை நான் பல்லாண்டுகள் மாணவர்களுக்குப் பொருள் சொல்லிக் கடந்திருக்கிறேன். அதன் முழுப் பொருள் எனக்கு விளங்கியது 1996 ஆம் ஆண்டில். அதனைப் பின்னர் கூறுவேன்.

யன்னல் என்ற சொல்லே நம்முடையதன்று. காற்று வரும் வழி என்று பொருள்பட நம் முன்னோர் காலதர் என்றனர். சாளரம் என்றும் வழங்கினர். போர்த்துக்கேயர் வந்து தங்கள் மொழியிலிருந்து யன்னலைத் தந்தார்கள். மேசை, அலமாரி, சாவி ஆகியனவும் அவர்கள் விட்டுச் சென்றவையே. சட்டைக்கும் தலையணை உறைக்கும் ஓரத்தில் வைக்கும் றேந்தையும் அவர்களுடையதே. பழைய நாற்சார் வீட்டுக்கு ஒளியும் காற்றும் நடுமுற்றத்தால் வந்தன. வெளிச்சுவரில் இருந்த சிறு காலதர்களுக்குத் திரை வேண்டியிருக்கவில்லை. முற்றம் போய், வீடு தெருவைப் பார்த்துக் கண் திறந்தபோதுதான் அக்கண்ணுக்கு இமை தேவைப்பட்டது.

இனித் தையலுக்கு வருவோம். தையல் என்ற சொல்லுக்குப் பெண் என்றும் ஒரு பொருள் இருப்பதை யாவரும் அறிவர். அச்சொற்பொருளை ஆதாரமாகக் கொண்டோ என்னவோ, ஆண்பிள்ளை ஊசி பிடிப்பதை எங்கள் ஊரில் எவரும் விரும்பியதில்லை. காசுக்குத் தைத்தால் அது தொழில். வீட்டுக்குத் தைத்தால் அது பெண்ணுக்குரிய வேலை. இந்த நியாயம் எனக்கு இன்றுவரை விளங்கவில்லை. தையற்பொறியைக் கண்டுபிடித்தவர்களும் ஆண்களே. எலியாஸ் ஹவ் என்ற அமெரிக்கர் 1846 ஆம் ஆண்டில் மேல்நூலையும் கீழ்நூலையும் பூட்டித் தைக்கும் பொறிக்கு உரிமைப் பத்திரம் பெற்றார். ஐசாக் சிங்கர் 1851 இல் தம் திருத்தங்களுடன் வேறொரு பொறிக்குப் பெற்றார். 1877 ஆம் ஆண்டிலேயே சிங்கர் நிறுவனம் இலங்கையில் வியாபாரத்தைத் தொடங்கிவிட்டது. முழுப்பணமும் கொடுக்க இயலாதவருக்குத் தவணைமுறையில் பொறியைக் கொடுத்தமையே அதனை உலகெங்கும் வீடு வீடாகக் கொண்டுசேர்த்தது எனலாம்.

எங்கள் வீட்டில் இருந்தது கைப்பிடியால் சுழற்றும் சிறிய பொறி. மரக்கூடு ஒன்றினால் மூடிப் பூட்டலாம். வலது கையாற் கைப்பிடியைச் சுழற்றினால் துணியை நடத்துவதற்கு இடது கை ஒன்றுதான் மிஞ்சும். நீளமான விளிம்புகளைத் தைக்கும்போது இன்னும் ஒரு சோடிக் கை இருந்தால் நல்லது என்று தோன்றும். அம்மாவுக்கு அந்த மேலதிகச் சோடியாக நான் பழகினேன். நான் சுழற்றுவேன்; அவர் துணியை இரண்டு கையாலும் நேராக்கி விடுவார். எட்டாம் வகுப்புப் படிக்கும்போது தொடங்கிய இந்த ஏற்பாடு, நான் ஆசிரியனாகிய பின்னரும் நின்றுவிடவில்லை. தெருவிலே ஆள் அரவம் கேட்டால் மாத்திரம் கைப்பிடியை விட்டுவிட்டுப் பத்திரிகையை எடுத்துக்கொள்வேன்.

1995 ஆம் ஆண்டு ஒக்ரோபர் 30 ஆம் திகதி இரவு வலிகாமம் முழுவதும் எழுந்து நடந்ததை இங்கே விரித்துரைக்க வேண்டியதில்லை. பார்த்தவர்கள் பலர் எழுதியிருக்கிறார்கள். மழையில் நாவற்குழிப் பாலத்தை நோக்கி அசைந்த அச்சனத்திரளில் நாங்களும் மூவர்: அம்மா, தங்கை, நான். அப்பா காலமாகி ஏழாண்டுகள் ஆகியிருந்தன. என் சைக்கிளின் பின்னால் அரிசிப் பையும் தையற்பொறியும் கட்டப்பட்டிருந்தன. பொறியை விட்டுவிட்டு வேறு ஏதாவது பயனுள்ள பொருளை எடுக்கலாமே என்று நான் சொன்னேன். அம்மா பதில் கூறாமலே கயிற்றை இறுக்கினார். சேலைப் பெட்டி தங்கையின் சைக்கிளில் வந்தது.

தென்மராட்சியில் ஓர் உறவினர் வீட்டு விறாந்தையில் ஆறு மாதம் இருந்துவிட்டு 1996 மே மாதத்தில் திரும்பினோம். வீடு நின்றது, கூரையும் பெரும்பாலும் இருந்தது. யன்னல்களுக்குக் கம்பி இருந்தது, கதவுகள் இல்லை. யாரோ கழற்றிக்கொண்டு போயிருந்தனர். முன்னறை யன்னல் தெருவைப் பார்த்தது. தெருமுனையில் காவலரண் ஒன்று புதிதாக முளைத்திருந்தது. காலையும் மாலையும் படையினர் வரிசையாக அந்த யன்னலைக் கடந்து நடந்தனர். தங்கைக்கு அப்போது இருபது வயது.

மரம் வாங்கிக் கதவு செய்விக்கும் நிலையில் நாங்கள் இருக்கவில்லை. பனையோலைத் தட்டி கட்டலாம் என்றேன். தட்டி கட்டினால் உள்ளே எதையோ மறைக்கிறார்கள் என்று எண்ணுவார்கள், திரை போட்டால் வீடு என்று எண்ணுவார்கள் என்றார் அம்மா. அவருடைய இந்த நுட்பமான வேறுபாடு எவ்வளவு உண்மை என்பது அக்காலத்தில் வாழ்ந்தவர்களுக்கே தெரியும். திரைக்குத் துணி எங்கே? பெட்டியில் மிஞ்சிய நூற்சேலைகள் மூன்றும் உடுக்கும் சேலைகள். அவற்றுக்கு அடியில், வெள்ளைத் துணியிற் சுற்றப்பட்டு, அரக்கு நிறக் காஞ்சிபுரப் பட்டு ஒன்று கிடந்தது. அம்மாவின் கூறை.

நான் மறுத்தேன். அப்பா கட்டிய தாலியோடு வந்த சேலையை யன்னலுக்குக் கட்டுவதா என்று சற்று உரத்தே கேட்டேன். "பெட்டிக்குள்ளை கிடக்கிற சேலை ஆருக்கடா தம்பி மானம் காக்கப் போகுது?" என்றார். கத்தரிக்கோலை எடுத்து என்னிடம் நீட்டவில்லை, தாமே வெட்டினார். நான் அன்றைக்குக் கைப்பிடியைச் சுழற்ற மறுத்துவிட்டேன். தங்கைதான் சுழற்றினாள். 1990 இலிருந்தே குடாநாட்டுக்கு மின்சாரம் இல்லை. இரவில் ஜாம்போத்தல் விளக்கின் ஒளியில், அரக்கு நிறப் பட்டில் அரக்கு நிற நூலால் அவர் போட்ட தையலை நான் அடுத்த அறையிலிருந்து கேட்டுக்கொண்டிருந்தேன்.

கோபம் தணிந்தபின் அத்திரையைப் பார்த்தபோதுதான் அதிலிருந்த கணக்கு எனக்குப் புலப்பட்டது. இக்கணக்கே திரைச்சீலைத் தையலின் உயிர்நிலை என்பதால் அதனை ஆறுதலாகச் சொல்லுகிறேன்.

எங்கள் யன்னலின் அகலம் 48 அங்குலம். திரை தொங்கும் கம்பி யன்னலுக்கு இரு பக்கமும் ஆறு ஆறு அங்குலம் நீண்டிருக்க வேண்டும்; இன்றேல் திரையை ஒதுக்கும்போது யன்னலின் பாதியை அது அடைத்துக்கொள்ளும். ஆகவே கம்பி 60 அங்குலம். கம்பியின் நீளமளவு துணி போதும் என்று எண்ணுவதே பலரும் விடும் முதற் பிழை. அப்படித் தைத்தால் அது திரையன்று, காயப்போட்ட வேட்டி. மடிப்பு விழவேண்டுமாயின் கம்பியைப் போல் இரண்டு மடங்கு அகலம் வேண்டும். மெல்லிய துணியாயின் இரண்டரை மடங்கும் வைக்கலாம். தடித்த துணிக்கு ஒன்றரை மடங்கும் போதும். எங்கள் கம்பிக்கு 120 அங்குலம். உயரமோ, கம்பியிலிருந்து யன்னலின் அடிக்கட்டை வரை 54 அங்குலம். அதற்குக் கீழே ஆறு அங்குலம் இறங்கினால்தான் கீழால் வெளிச்சம் கசியாது. தைத்து முடிந்த உயரம் 60. மேலே கம்பி நுழையும் மடிப்புக்கு நான்கு அங்குலம், கீழே மூன்று அங்குல விளிம்பை இரட்டையாய் மடிக்க ஆறு அங்குலம், ஆக வெட்டவேண்டிய நீளம் 70.

இனிச் சேலையைப் பாருங்கள். ஆறு யார் நீளம், அதாவது 216 அங்குலம். அதனை மூன்றாக வெட்டினால் ஒவ்வொரு துண்டும் 72. தேவைக்கு இரண்டு அங்குலமே மிச்சம். அகலம் 45; மூன்று துண்டும் சேர்ந்தால் 135. இரண்டு திரைகள் வேண்டுமென்பதால் மூன்றாவது துண்டை நெடுக்காக இரண்டாக்கி, ஒவ்வொரு பாதியையும் ஒவ்வொரு முழுத்துண்டுடன் மூட்டினார். மூட்டுக்கு இரண்டு அங்குலம் போனாலும் 133 எஞ்சியது. வேண்டியது 120 தானே! பக்க விளிம்புகளை மடித்துத் தைக்க வேண்டிய தேவையும் வரவில்லை. சேலையின் கரைகளே விளிம்பாயின. ஒரு சேலை, மூன்று துண்டு, ஒரு யன்னல். வீணாய்ப்போனது கைக்குட்டை அளவுகூட இல்லை.

மூன்றாவது துண்டு தலைப்பு இருந்த முனை. அதனை இரண்டாகப் பிரித்தமையால் இரு திரைகளிலும் தலைப்பின் சரிகை கீழ்ப்பாதியில் ஒரே மட்டத்தில் அமைந்தது. அந்நேரத்திலும் அவர் அதைக் கவனித்திருக்கிறார். மேலே நுழைக்கக் கம்பி இல்லாதபடியால், பிடுங்கப்பட்ட மின்சார இணைப்பில் எஞ்சிக்கிடந்த கம்பித் துண்டொன்றை இரண்டு ஆணிகளுக்கிடையே இழுத்துக் கட்டினார். மின்சாரமில்லாத வீட்டில் அக்கம்பிக்கு அதனிலும் சிறந்த வேலை ஒன்று இருந்திருக்க முடியாது. முல்லைப்பாட்டின் கயிறு எனக்கு விளங்கியது அப்போதுதான்.

கடையிற் புதுத்துணி வாங்கித் தைப்போர் இக்கணக்கில் இன்னுமொன்றைச் சேர்க்க வேண்டும். பருத்தித் துணி முதல் நனைப்பில் நூறு அங்குலத்துக்கு மூன்று முதல் ஐந்து அங்குலம் வரை சுருங்கும். கைத்தறித் துணி சில வேளைகளில் அதற்கும் மேலே சுருங்குவதுண்டு. ஆகவே 70 அங்குலத்துக்கு 74 என்று வாங்கி, வெட்டுமுன் துணியை நனைத்துக் காயவிட்டு ஸ்திரி போட வேண்டும். மூன்று நீளத்துக்கு 222 அங்குலம். ஏறக்குறைய ஆறேகால் யார், அல்லது ஐந்தரை மீற்றருக்குச் சற்றுக் கூட. பூவோ கட்டமோ திரும்பத் திரும்ப வரும் துணியாயின், மூட்டுகளிற் பூ பொருந்துவதற்காக ஒவ்வொரு நீளத்துக்கும் ஒரு முழுப் பூவின் அளவு கூட்டி வாங்குக.

இதனை நான் நட்டப்பட்டுத்தான் படித்தேன். சில ஆண்டுகளுக்கு முன் உடல்நலம் குன்றியிருந்தபோது, பட்டினத்தில் ஒரு கடையில் அளவு கொடுத்து நான்கு யன்னல்களுக்குத் திரை தைப்பித்தேன். துணியை நனைத்தீர்களா என்று கேட்டேன்; ஓம் என்றார்கள். முதற் சலவைக்குப் பின் நான்கு திரைகளும் அடிக்கட்டைக்கு மேலே ஏறி நின்றன, வளர்ந்த பையனின் பழைய காற்சட்டையைப் போல. போய்க் கேட்டதற்கு, நீங்கள் சுடுநீரில் தோய்த்திருப்பீர்கள் என்று எனக்கே பாடம் நடத்தினார்கள். பழைய சேலைக் கரையை அடியில் ஒட்டுப்போட்டு அவற்றைச் சமாளித்தேன். பார்த்தவர்கள் அது புதுப் பாணி என்று எண்ணிக்கொண்டார்கள், நானும் மறுக்கவில்லை.

வெட்டுவதிலும் ஒரு முறையுண்டு. கடைக்காரர் கிழித்துத் தந்த ஓரத்தை நம்பி வெட்டக்கூடாது. துணியின் குறுக்கே ஓடும் ஊடையிழை ஒன்றை ஊசிமுனையால் கிளப்பி மெல்ல உருவினால், துணியிலே நேர்கோடு ஒன்று தானே தோன்றும். அக்கோட்டில் கத்தரிக்கோல் செல்ல வேண்டும். இழை தவறி வெட்டிய திரை எக்காலத்திலும் நேராகத் தொங்காது. அதுபோலவே கீழ்விளிம்பை முதல் நாளே தைத்துவிடவும் கூடாது. மேல் மடிப்பை முடித்துத் திரையை இரண்டு மூன்று நாள் தொங்கவிட்டால், துணி தன் பாரத்தில் இழுபட்டு நிற்கும். அதன்பின் குண்டூசி குத்தி, நிலத்திலிருந்து மட்டம் பார்த்து விளிம்பு மடிக்கலாம். அம்மா கீழ்மூலைகளுக்குள்ளே பழைய நாற்சதுர ஐந்துசதக் குற்றி ஒவ்வொன்றை வைத்துத் தைப்பார். காற்றுக்குத் திரை எழும்பாமல் அது பாரம் கொடுக்கும். நடுத்தரமான பருத்திக்குப் பதினாலாம் இலக்க ஊசி ஏற்றது, தடித்ததற்குப் பதினாறு, பட்டுக்குப் பதினொன்று. அங்குலத்துக்குப் பத்துத் தையல் விழுந்தாற் போதும். இக்காலத்திலே உலோக வளையம் பதித்த துளைகளில் நேரே தடியை நுழைக்கும் முறை பரவியிருக்கிறது. அதைச் செய்வோர் துளைகளின் எண்ணிக்கை இரட்டைப்படையாக இருக்கும்படி பார்த்துக்கொள்ள வேண்டும். ஒற்றைப்படையானால் திரையின் ஓர் ஓரம் சுவரைப் பார்க்க, மற்றது அறையைப் பார்த்துத் துருத்திக்கொண்டு நிற்கும்.

எந்தத் துணி நல்லது? நெருக்கமாக நெய்த பருத்திக்கு நிகரில்லை என்பதே என் கருத்து. கிழக்கே மருதமுனையின் தறிகளில் நெய்யப்பட்ட துணியை ஒரு முறை யன்னலிற் கட்டியவர்கள் வேறொன்றை நாடமாட்டார்கள். சாயம் போகுமா என்பதை மாத்திரம் ஒரு மூலையைச் சுடுநீரில் நனைத்து வெள்ளைத் துணியால் ஒற்றிப் பார்த்துவிட வேண்டும். பொலியெஸ்ரர் துணி சுருங்காது, வெயிலையும் தாங்கும், அந்நன்மையை மறுப்பதற்கில்லை. ஆயினும் நம் மாசி பங்குனி வெக்கையில் அது காற்றோடு அசைவதில்லை, காற்றை எதிர்த்து நிற்கிறது.

சாயம் என்றதும் ஒரு செய்தி நினைவுக்கு வருகிறது. பதினேழாம் பதினெட்டாம் நூற்றாண்டுகளில் சோழமண்டலக் கரையிலிருந்து ஐரோப்பாவுக்குப் போன சீத்தைத் துணிகள் அங்கே கட்டில்களுக்கும் யன்னல்களுக்கும் திரையாயின. தோய்த்தாலும் மங்காத அச்சாயங்களைக் கண்டு அந்நாட்டு நெசவாளர் கலங்கினர். பிரான்சு 1686 இல் இத்துணிகளைத் தடைசெய்தது. 1759 வரை அத்தடை நீடித்தது. இங்கிலாந்தின் 1721 ஆம் ஆண்டுச் சட்டம் உடுப்புக்கு மாத்திரமன்றி வீட்டுப் பாவனைக்கும் அச்சிட்ட பருத்தித் துணியை விலக்கியது. ஒரு திரைச்சீலையை யன்னலில் தொங்கவிடுவது சட்டத்துக்கு மாறான செயலாக இருந்த காலம் அது! அக்கரையோரத்துச் சாயக்காரர் சிவப்பு நிறத்துக்கு நம்பியிருந்தது சாயவேரை. மன்னாரிலும் யாழ்ப்பாணத்திலும் மணற்பாங்கான நிலங்களில் அவ்வேர் தோண்டப்பட்டது. ஒல்லாந்தர் அதனைத் தம் தனியுரிமையாக வைத்து வருவாய் ஈட்டினர். எங்கள் காலடி மண்ணிலிருந்து ஒரு சிவப்புப் புறப்பட்டுப் போயிருக்கிறது.

எந்தச் சாயமாயினும் வெயிலுக்கு இரையாகும். அதனிலும் கொடிது, பட்டின் இழையே வெயிலிற் சிதைந்துபோவது. அம்மாவின் திரையில் இதனை நாங்கள் கண்ணாரக் கண்டோம். யன்னல் மேற்கு நோக்கியது. பிற்பகல் வெயில் வலது திரையில் நேரே விழும்; இடது திரைக்கு வேப்பமரம் நிழல் கொடுத்தது. மூன்றாவது ஆண்டில் வலது திரை மடிப்புகளின் முகட்டிலே நெடுக்காக வெடிக்கத் தொடங்கியது. ஊசி குத்தினால் குத்திய இடம் பொடிந்தது. தைத்துச் சரிக்கட்டலாம் என்று அம்மா முயன்றதை நான் பார்த்திருக்கிறேன். தையல் நின்றது, பட்டு நிற்கவில்லை. வெயில் படும் யன்னலுக்குப் பட்டும் மெல்லிய சாயத்துணியும் கட்ட விரும்புவோர் பின்னாலே வெள்ளைப் பருத்தியில் உட்சீலை ஒன்று கொடுத்தேயாக வேண்டும். உட்சீலை திரையிலும் ஓர் அங்குலம் குட்டையாக இருக்கட்டும். அடியைப் பூட்டாமல் தனியே தொங்கவிடுக. இரண்டு துணியும் சமமாகச் சுருங்கமாட்டா.

2002 இல் போர்நிறுத்தம் வந்து, யன்னலுக்குக் கதவுகள் போட்டோம். அன்று வலது திரை குப்பைக்குப் போயிற்று. இடது திரையிலிருந்து தலைப்புப் பகுதியை மாத்திரம் அம்மா தையல் பிரித்து எடுத்து, பழையபடி வெள்ளைத் துணியிற் சுற்றிப் பெட்டியில் வைத்தார். அதைப்பற்றி நாங்கள் இருவரும் பேசவில்லை. 2009 இல் வன்னியிலிருந்து வந்தவர்கள், சேலைகளை மண்மூட்டைக்குத் தைத்துப் பதுங்குகுழியைச் சுற்றி அடுக்கிய கதையைச் சொன்னபோது, அம்மா அவர்களிடம் கேட்ட கேள்வி ஒன்றுதான்: "கையாலையோ தைச்சனீங்கள்?" 2011 இல் அம்மா காலமானார்.

இக்கட்டுரை எழுத நேர்ந்த காரணம் சென்ற ஆண்டு ஆவணியில் வந்தது. தங்கை இப்போது கனடாவில் இருக்கிறாள். அவளுடைய மகள், என் மருமகள், தன் பதிவுத் திருமணத்தன்று அம்மம்மாவின் கூறையை உடுக்க வேண்டும் என்ற ஆசையோடு வந்து இறங்கினாள். தங்கை அவளுக்கு எதுவும் சொல்லியிருக்கவில்லை. இருபது வயதில் அந்தத் திரைக்குப் பின்னால் இருந்தவள் தான் என்பதை மகளுக்கு எப்படித் தொடங்கிச் சொல்வது என்று அவள் தயங்கியிருக்கலாம். ஆகவே அந்த வேலை என்னிடம் வந்தது.

முன்னறையில், அதே யன்னலின் அருகே இருத்தி, அவளுக்கு முழுவதையும் சொன்னேன். அவள் நெடுநேரம் பேசவில்லை. பின்பு, "மாமா, இப்ப போட்டிருக்கிற கேட்டின் ஆர் தைச்சது?" என்றாள். நான் தைத்தது என்றேன். நம்பவில்லை. அவளுடைய புதுவீட்டுக்குக் கடையில் வாங்கிய திரைகள் எல்லாம் அரை அடி குட்டை என்று சொன்னாள். அளவு எப்படி எடுத்தாய் என்று கேட்டேன். யன்னற் கண்ணாடியை மாத்திரம் அளந்திருக்கிறாள்! அதன்பின் இரண்டு கிழமை எங்கள் வீட்டில் திரைச்சீலை வகுப்பு நடந்தது. வெட்டுமுன் நனைக்கவும், ஊடையிழை உருவவும், மடிப்பைக் கணக்கிடவும் பழகினாள். கைப்பொறியின் கைப்பிடியைச் சுழற்ற அவளுக்கு நான் இருந்தேன். தெருவில் ஆள் அரவம் கேட்டபோதும் நான் பத்திரிகையை எடுக்கவில்லை.

புறப்படுவதற்கு முதல் நாள் பெட்டியைத் திறந்து அத்துண்டை அவளிடம் கொடுத்தேன். இருபத்திரண்டரை அங்குல அகலம், ஒரு யாருக்குச் சற்றுக் குறைந்த நீளம். சரிகை சற்றுக் கறுத்திருந்தது. உடுக்க இயலாது, தாலியும் கூறையும் வைக்கும் தட்டை மூடுவதற்கு அளவாக இருக்கும் என்று அவளே சொன்னாள். வெட்டுண்ட மூன்று பக்கத்துக்கும் விளிம்பு மடிக்க வேண்டியிருந்தது. பதினொன்றாம் இலக்க ஊசியை மாட்டி, அரக்கு நூல் கோத்துக் கொடுத்தேன். கைப்பிடியையும் தானே சுழற்றிக்கொள்வதாகச் சொல்லி ஒற்றைக் கையால் துணியை நடத்தினாள். மூன்றாவது பக்கத்தில் தையல் சற்றுக் கோணிப்போயிற்று. பிரித்துத் தைக்கவா என்று கேட்டாள். பட்டு இன்னொரு முறை ஊசியைத் தாங்காது என்றேன். மடித்துக் கைப்பைக்குள் வைத்துக்கொண்டாள்.